மேக்ல விண்டோஸ் கேம்: நடுவுல நிக்கிற மூணு மொழிபெயர்ப்பாளர்கள்

(எபிசோடின் திருத்திய எழுத்து வடிவம்)

இந்த எபிசோடுக்கான கேள்வி ரொம்பச் சின்னது. "என்கிட்ட மேக்புக் இருக்கு. ஸ்டீம்ல இருக்கிற விண்டோஸ் கேம் இதுல ஓடுமா?" காலேஜுக்கோ வேலைக்கோன்னு மேக் வாங்கியாச்சு. கேம் ஆடறதுக்காக மட்டும் இன்னொரு லேப்டாப் வாங்கணும்னா வீட்டுல என்ன சொல்வாங்கன்னு நமக்கே தெரியும்.

யாரைக் கேட்டாலும் "சிலது ஓடும், சிலது ஓடாது"ன்னு சொல்வாங்க. அது உண்மைதான், ஆனா அதை வெச்சு நம்மால ஒண்ணும் பண்ண முடியாது. எது ஓடும், எது ஓடாதுங்கறதுல ஒரு ஒழுங்கு இருக்கு. அது புரிஞ்சா, காசு கொடுக்கறதுக்கு முன்னாடியே நீங்களே ஓரளவு கணிச்சுடலாம். இன்னைக்கு அதைத்தான் பேசப் போறேன். கடைசியில, இந்த வசதி இன்னும் எத்தனை நாளைக்கு இருக்கும்ங்கறதையும் பார்க்கலாம்.

ஒரு கேமுக்கு என்னென்ன வேணும்?

விண்டோஸுக்காக எழுதின ஒரு கேம் மூணு விஷயங்களை நம்பி இருக்கு. முதலாவது, விண்டோஸ். ஃபைலைத் திற, சவுண்ட் போடு, கீபோர்டுல எந்த பட்டன் அழுத்தினாங்கன்னு சொல்லு, இப்படி நொடிக்கு நொடி கேம் விண்டோஸைக் கேட்டுக்கிட்டே இருக்கும். இரண்டாவது, ப்ராசசர். பிசி கேம் பெரும்பாலும் இன்டெல், ஏஎம்டி சிப்களுக்குப் புரியற எக்ஸ்86 கட்டளைகள்லதான் இருக்கும். மூணாவது, கிராபிக்ஸ். படம் வரைய மைக்ரோசாஃப்ட்டோட டைரக்ட்எக்ஸைக் கூப்பிடும்.

இப்ப வர்ற மேக்ல இந்த மூணுமே வேற. விண்டோஸ் இடத்துல மேக்ஓஎஸ். இன்டெல் இடத்துல, 2020 நவம்பர்ல எம்1 வந்ததுல இருந்து, ஆப்பிளோட ஆர்ம் வகை சிப். டைரக்ட்எக்ஸ் இடத்துல மெட்டல்.

இன்டெல் சிப் இருந்த மேக்ல 2006லிருந்து பூட் கேம்ப்னு ஒரு வழி இருந்தது. விண்டோஸையே மேக்ல இன்ஸ்டால் பண்ணி, அதுலயே பூட் பண்ணலாம். எம்1 வந்ததும் அந்தக் கதவை ஆப்பிள் மூடிடுச்சு. அதனால இப்ப மூணு இடத்துலயும் ஆளுக்கொரு மொழிபெயர்ப்பாளர் வேணும். மேடையில டெல்லித் தலைவர் ஹிந்தியில பேசப் பேச, பக்கத்துல ஒருத்தர் நின்னு தமிழ்ல சொல்வாரே, அதே வேலைதான். இங்க ஒருத்தருக்குப் பதிலா மூணு பேர்.

முதல் ஆள்: வைன்

வைன் 1993ல லினக்ஸுக்காக ஆரம்பிச்ச ஓபன் சோர்ஸ் திட்டம். "வைன் ஒரு எமுலேட்டர் இல்லை"ங்கற ஆங்கில வாக்கியத்தோட சுருக்கம்தான் பேரே. எமுலேட்டர்னா ஒரு முழு கம்ப்யூட்டரையே இன்னொரு கம்ப்யூட்டருக்குள்ள நடிச்சுக் காட்டறது. வைன் அப்படி எதுவும் நடிக்கிறதில்லை. விண்டோஸ் கொடுக்கிற ஃபங்ஷன்களை, அதே பேர்ல, அதே பதில் வர்ற மாதிரி, புதுசா எழுதி வெச்சிருக்கு. கேம் "சி டிரைவ்ல இருக்கிற இந்த ஃபைலைத் திற"ன்னு கேட்கும். வைன் அதை வாங்கி, உங்க மேக்ல இருக்கிற ஒரு சாதாரண ஃபோல்டருக்குள்ள போய் அந்த ஃபைலை எடுத்துக் கொடுக்கும். அந்த ஃபோல்டர்தான் சி டிரைவ்னு கேம் நம்பிக்கிட்டிருக்கும். உங்க மேக்ல விண்டோஸும் இருக்காது, அதுக்கு லைசன்ஸும் தேவையில்லை.

இது திருட்டு விண்டோஸ் இல்லையான்னு சிலர் கேட்பாங்க. இல்லை. மைக்ரோசாஃப்ட்டோட சோர்ஸ் கோடைப் பார்த்தவங்க வைனுக்கு கோட் எழுதக்கூடாதுன்னு அந்தத் திட்டத்துல விதியே இருக்கு. வெளியில இருந்து எப்படி நடந்துக்குதுன்னு பார்த்துப் பார்த்து எழுதினதுதான் எல்லாமே. அதனாலதான் அவ்வளவு காலம் எடுத்தது. முதல் பதிப்புன்னு சொல்லிக்கிற 1.0 வந்தது 2008ல. அதாவது 15 வருஷம் கழிச்சு.

வைனை 1994லிருந்து வழிநடத்திட்டு வர்றவர் அலெக்சாண்டர் ஜூலியார்ட். அவர் வேலை பார்க்கிற கோட்வீவர்ஸ்ங்கற அமெரிக்க கம்பெனி, வைனைச் சாதாரண ஆளும் பயன்படுத்தற மாதிரி கிராஸ்ஓவர்ங்கற பேர்ல விக்குது. அதுல ஒவ்வொரு தனி விண்டோஸ் சூழலுக்கும் "பாட்டில்"னு பேரு. வைனை பாட்டில்லதானே வைக்கணும்.

இரண்டாவது ஆள்: ரொசெட்டா 2

வைன், கேமோட கேள்விகளைத்தான் மாத்தும். கேமுக்குள்ள இருக்கிற எக்ஸ்86 கட்டளைகளைத் தொடாது. அதை ஆர்ம் கட்டளைகளா மாத்தறது ரொசெட்டா 2. இது ஆப்பிளே கொடுக்கிறது. பழைய இன்டெல் மேக் ஆப்களுக்காகக் கொண்டு வந்தது. அதே முதுகுல வைனும் ஏறிக்குது.

இதுல எனக்கு ரொம்பப் பிடிச்ச ஒரு விஷயம் இருக்கு. ஒரு கோர் மெமரியில எழுதினதை மத்த கோர்கள் எந்த வரிசையில பார்க்கணும்ங்கறதுல எக்ஸ்86 ரொம்பக் கறார். ஆர்ம் அந்த அளவு கறார் இல்லை. அந்த வரிசையை சாஃப்ட்வேர்லயே காப்பாத்தணும்னா வேகம் படுத்துடும். அதனால ஆப்பிள் தன் சிப்லயே ஒரு தனி மோட் வெச்சுடுச்சு. ரொசெட்டா ஓடும்போது ஆர்ம் சிப் எக்ஸ்86 மாதிரி வரிசை தப்பாம நடந்துக்கும். மொழிபெயர்ப்பு இவ்வளவு வேகமா இருக்கறதுக்கு இது ஒரு முக்கியக் காரணம்.

ஆனா எல்லாக் கட்டளையும் இதுக்குத் தெரியாது. ஏவிஎக்ஸ்2ங்கற கட்டளைத் தொகுப்பு 2024ல வந்த மேக்ஓஎஸ் செக்கோயாலதான் ரொசெட்டாவுக்கு வந்தது. அதுக்கு முன்னாடி, அது கட்டாயம் வேணும்னு கேட்கிற கேம்கள் திறந்த உடனே மூடிக்கும். "என் ஃப்ரெண்ட் மேக்ல ஓடுது, என்னோடதுல ஓடலை"ன்னு சொல்றவங்க முதல்ல மேக்ஓஎஸ் பதிப்பைப் பாருங்க.

மூணாவது ஆள்: கிராபிக்ஸ்

ரொம்ப நாள் தகராறு இங்கதான் இருந்தது. லினக்ஸ்ல டைரக்ட்எக்ஸை வல்கனா மாத்தற டிஎக்ஸ்விகே 2018ல வந்தது. ஸ்டீம் நடத்தற வால்வ் அதுக்குப் பணம் போட்டது. இன்னைக்கு ஸ்டீம் டெக் ஓடறதே அந்த வழியிலதான். மேக்லயோ ஆப்பிள் வல்கனை ஏத்துக்கவே இல்லை. அதனால டைரக்ட்எக்ஸை வல்கனா மாத்தி, அந்த வல்கனை மோல்டன்விகே மூலமா மெட்டலா மாத்தினாங்க. தெலுங்குப் படத்தை ஹிந்தி டப்பிங்ல இருந்து தமிழ்ல டப் பண்ற கதை.

2023 ஜூன்ல ஆப்பிள் "கேம் போர்ட்டிங் டூல்கிட்" வெளியிட்டது. உள்ள பார்த்தா, கிராஸ்ஓவரோட ஓபன் சோர்ஸ் கோடும், டி3டிமெட்டல்ங்கற ஆப்பிளோட சொந்தச் சரக்கும். இது டைரக்ட்எக்ஸ் 11, 12 இரண்டையும் நேரா மெட்டலா மாத்தும். கேம் பண்றவங்க தங்க கேம் மேக்ல எப்படி ஓடும்னு சோதிக்கத்தான் ஆப்பிள் இதைக் கொடுத்தது. ஆனா வந்த சில நாள்லயே ஆளாளுக்கு சைபர்பங்க் 2077ஐ மேக்ல ஓட்டிக் காட்ட ஆரம்பிச்சுட்டாங்க. அதோட அசல் மேக் பதிப்பு வந்தது 2025 ஜூலையில. பின்னால கிராஸ்ஓவர்குள்ளயும் டி3டிமெட்டல் சேர்ந்தது. டைரக்ட்எக்ஸ் 11க்கு டிஎக்ஸ்எம்டின்னு ஒரு ஓபன் சோர்ஸ் வழியும் இப்ப இருக்கு.

புது இடத்துக்குள்ள நுழையும்போது கேம் ஒரு நொடி திக்கித் திணறி, அப்புறம் சரியாகறதைப் பார்த்திருப்பீங்க. திரையில ஒவ்வொரு புள்ளிக்கும் நிறமும் வெளிச்சமும் கணக்குப் போடற குட்டி ப்ரோக்ராம்களுக்கு ஷேடர்னு பேரு. அதையும் மெட்டலுக்கு மாத்தணும். முதல் தடவை மாத்தற நேரத்துலதான் அந்தத் திணறல். மாத்தினதைச் சேமிச்சு வெச்சுக்கறதால அதே இடத்துக்கு மறுபடி போனா பெரும்பாலும் இருக்காது. பத்து நிமிஷம் ஆடிப் பார்த்துட்டு "வேஸ்ட்"னு முடிவு பண்ணாதீங்க.

ஓடவே ஓடாதது எது?

இந்த மூணு பேராலயும் முடியாதது ஒண்ணு இருக்கு: கர்னல் வரைக்கும் போற ஆன்டி-சீட். வேலரன்ட்டோட வேன்கார்ட் இதுக்கு நல்ல உதாரணம். அது விண்டோஸ் கர்னலுக்குள்ள டிரைவரா உட்கார்ந்து, யாராவது ஏமாத்தறாங்களான்னு கண்காணிக்கும். வைன் மேக்ல ஒரு சாதாரண ஆப். அங்க விண்டோஸ் கர்னலே கிடையாது. இல்லாத வீட்டுக்கு எப்படி வாட்ச்மேன் போடறது? அதனால வேலரன்ட் ஓடாது. உங்க மேக் எவ்வளவு விலை உயர்ந்ததா இருந்தாலும் இதுதான் பதில்.

ஒரே கேம்லயே இந்தக் கோடு விழலாம். ஜிடிஏ 5ல கதைப் பகுதி தனி, ஆன்லைன் தனி. 2024 செப்டம்பர்ல ஆன்லைனுக்கு பேட்டில்ஐ ஆன்டி-சீட் வந்ததுல இருந்து, வைன் வழியா வர்றவங்களுக்கு அந்தப் பக்கம் அடைப்பு. குறுக்கு வழியில ஆன்டி-சீட்டை ஏமாத்தி ஆன்லைன் போகப் பார்த்தா, உங்க அக்கவுன்ட்டே தடை ஆகலாம். அதை மட்டும் பண்ணாதீங்க.

காசு கொடுக்கறதுக்கு முன்னாடி

நான் பார்க்கிற வரிசை இது.

முதல்ல, மேக்குக்கே அந்த கேம் இருக்கான்னு பாருங்க. பால்டர்ஸ் கேட் 3, ரெசிடென்ட் ஈவில் வில்லேஜ், நோ மேன்ஸ் ஸ்கை எல்லாம் மேக்குக்கே இருக்கு. அங்க மொழிபெயர்ப்பே வேண்டாம்.

இரண்டாவது, ஆன்லைன் போட்டி கேமா, தனியா ஆடற கேமா? போட்டி கேம்னா என்ன ஆன்டி-சீட்னு பாருங்க. பாதிக் கேள்விக்கு அங்கேயே பதில் கிடைச்சுடும்.

மூணாவது, ரேம். மேக்ல ப்ராசசருக்கும் கிராபிக்ஸுக்கும் ஒரே மெமரி. 8 ஜிபி மேக்ல கேம், மொழிபெயர்ப்பு, மேக்ஓஎஸ் மூணும் அடிச்சுக்கும். பழைய கேம், இண்டி கேம்னா பரவாயில்லை. புதுப் பெரிய கேமுக்கு 16 ஜிபியாவது வேணும். எம் வரிசை மேக்புக் ஏர்ல ஃபேனும் கிடையாது. சூடு ஏறினா சிப் தானா வேகத்தைக் குறைச்சுக்கும். முதல் பத்து நிமிஷ எஃப்பிஎஸ்ஸை நம்பாதீங்க, அரை மணி நேரம் கழிச்சு வர்றதைப் பாருங்க.

நாலாவது, சும்மா சோதிச்சுப் பார்க்கலாம். கிராஸ்ஓவர் 14 நாள் இலவசம். ஸ்டீம்ல கேம் வாங்கி 14 நாளுக்குள்ள, 2 மணி நேரத்துக்கும் குறைவா ஆடியிருந்தா பணம் திரும்பக் கேட்கலாம். இரண்டையும் ஒரே வாரத்துல வெச்சுக்கிட்டா, கையில இருந்து ஒரு ரூபா போகாம பதில் தெரிஞ்சுடும்.

இது எத்தனை நாள்?

இப்ப கடைசி விஷயம். 2019ல மேக்ஓஎஸ் கேட்டலினா வந்தப்ப, 32-பிட் ஆப்களை ஆப்பிள் மொத்தமா நிறுத்திடுச்சு. போர்ட்டல் 2 மாதிரி, மேக்குக்குன்னே வந்த கேம்கள் ஒரே அப்டேட்ல செத்துப் போச்சு. காசு கொடுத்து வாங்கினவங்க லைப்ரரியில பேர் மட்டும் இருந்தது. ஆனா 32-பிட் விண்டோஸ் கேம்களை கிராஸ்ஓவர் தொடர்ந்து ஓட்டிச்சு. அதுக்காக கோட்வீவர்ஸ் கம்பைலர் வரைக்கும் போய் வேலை பார்த்தது. மேக்குக்குன்னு செஞ்சது போச்சு, விண்டோஸுக்குன்னு செஞ்சது மேக்ல பிழைச்சது.

அடுத்த கத்தி ரொசெட்டா மேல. 2025 ஜூன்ல ஆப்பிள் சொன்னது இதுதான்: ரொசெட்டா முழுசா மேக்ஓஎஸ் 27 வரைக்கும் இருக்கும். அதுக்கப்புறம், யாரும் பராமரிக்காத பழைய கேம்களுக்காக ஒரு பகுதியை மட்டும் வெச்சுக்குவோம். மூணு மொழிபெயர்ப்பாளர்கள்ல நடுவுல நிக்கிறவருக்கு ஆப்பிள் தேதி குறிச்சிருக்கு.

வழியே இல்லைன்னு அர்த்தம் இல்லை. ஃபெக்ஸ்ங்கற ஓபன் சோர்ஸ் திட்டம், ஆர்ம் சிப்ல லினக்ஸ்ல இதே வேலையைச் செய்யுது. வால்வ் 2025 நவம்பர்ல அறிவிச்ச ஸ்டீம் ஃப்ரேம் ஹெட்செட் அதை நம்பித்தான் வருது. வைனும் இதே மாதிரி லினக்ஸுக்காகப் பிறந்து மேக்குக்கு வந்ததுதான்.

அதுவரைக்கும் நான் சொல்ற யோசனை எளிமையானது. இன்னைக்கு ஓடற கேமை இன்னைக்கே ஆடுங்க. "அஞ்சு வருஷம் கழிச்சும் இதே மேக்ல ஆடலாம்"னு நம்பி சேல்ல முப்பது கேம் வாங்கிக் குவிக்காதீங்க. மேக்ஓஎஸ் பெரிய அப்டேட் வந்தா, கிராஸ்ஓவர் அதுக்குத் தயாரான்னு பார்த்துட்டு அப்புறம் அப்டேட் பட்டனை அழுத்துங்க.

உங்க மேக்ல எந்த கேம் ஓடுச்சு, எது ஓடலை, எத்தனை ஜிபி ரேம், எந்த மேக்ஓஎஸ்னு எழுதி அனுப்புங்க. அந்த விவரம் அடுத்து கேட்கிறவங்களுக்குப் பயன்படும். அடுத்த எபிசோடுல பார்க்கலாம்.