செருமானிய ஊமைப்படத்தில் விலக்கப்பட்ட காதலும் 175ஆம் சட்டப்பிரிவும்

காதலுக்குத் தடையாகத் தந்தையையோ குலத்தையோ நிறுத்துவது நாடக மரபு. ரிச்சர்டு ஓசுவால்டு 1919இல் இயக்கிய ‘மற்றவரினும் வேறானவர்’ என்னும் செருமானிய ஊமைப்படமோ அவ்விடத்தில் ஒரு சட்டப்பிரிவை நிறுத்துகிறது. ஆடவரிடையேயான பாலுறவைக் குற்றமாக்கிய 175ஆம் பிரிவே அது.

வயலின் கலைஞன் பால் கோர்னர் (நடிகர் கான்ராட் வைட்) தன் மாணவன் கூர்ட்டின்மீது காதல் கொள்கிறான். அதனை அறிந்த போலெக் என்பவன் மிரட்டிப் பணம் பறிக்கிறான். பொறுக்கலாற்றாது கோர்னர் முறையிட, மிரட்டியவனோடு முறையிட்டவனும் தண்டனை பெறுகிறான். நீதிமன்றம் விதித்தது சின்னாள் சிறையே. சமூகம் விதித்ததோ அதனினும் கொடிது. கச்சேரி வாய்ப்புகள் அற்றுப்போக, அவன் நஞ்சுண்டு மாய்கிறான். மிரட்டுபவனுக்குக் கருவியாக அமைந்தது சட்டமே என்பது இக்கதைப்போக்கில் புலனாகிறது. திரைக்கதையில் பங்கேற்ற மருத்துவர் மாக்னுஸ் ஹிர்ஷ்ஃபெல்டு திரையிலும் மருத்துவராகவே தோன்றி விளக்கமளிக்கிறார். அவ்விடங்களில் நாடகச்சுவை குன்றுகிறது என்பதை மறுப்பதற்கில்லை.

1918இன் இறுதியில் தணிக்கை நீங்கியிருந்தமையாலேயே இப்படம் வெளிவர முடிந்தது. 1920இல் தணிக்கை மீண்டதும் பொதுமக்களுக்குத் தடைசெய்யப்பட்டு, மருத்துவர் முதலியோருக்கு மட்டும் காட்ட இசைவளிக்கப்பட்டது. இன்று சில பகுதிகளே எஞ்சியுள்ளன. இறுதிக்காட்சியில் ஒரு கை சட்டநூலிலுள்ள அப்பிரிவை அடித்துவிடுகிறது. நடைமுறையில் அது முற்றிலும் நீங்கியது 1994இல்.