ஷிகியும் ராத்திரி வில்லுப்பாட்டும்

நான் சொல்லி ‘ஷிகி’ அனிமே பார்க்க ஆரம்பித்தவர்களில் பாதிப் பேர் நாலாவது எபிசோடோடு நிறுத்திவிட்டார்கள். ‘ஒண்ணுமே நடக்கலையேப்பா’ என்பதுதான் புகார். வேடிக்கை என்னன்னா, அதற்குள்ளேயே ஊரில் பல சாவு விழுந்திருக்கும். வெயில், வயசு, காய்ச்சல் என்று அந்த ஊர்க்காரங்க மாதிரியே இவர்களும் கடந்து போயிருக்கிறார்கள். பயம் அங்கேதான் ஆரம்பிக்கிறது.

ஒனோ ஃபுயுமி 1998-இல் எழுதிய நாவல் இது. 2010-இல் 22 எபிசோடாக டிவியில் வந்தது. சொடோபா என்கிற மலைக்கிராமம், சுமார் 1,300 பேர். ஊர்ப் பெயரே கல்லறையில் நடுகிற மரப்பலகையின் பெயர்தான். இன்றைய ஜப்பானில் கிட்டத்தட்ட எல்லாப் பிணத்தையும் எரிக்கிறார்கள். இந்த ஊர் மட்டும் புதைக்கிறது. புதைத்தவர்கள் திரும்பி வருகிறார்கள், பசியோடு. ஆனால் வீட்டுக்காரர் ‘வா’ என்று சொன்னால்தான் உள்ளே நுழைய முடியும். செத்துப்போன மகள் வாசலில் நின்று கூப்பிட்டால் எந்தத் தாய் வேண்டாம் என்பாள்? நமக்கு விஷயம் புரிந்த பிறகும் ஊர் டாக்டர் ஒசாகி ரத்தசோகை, தொற்று என்று பல எபிசோடு தேடிக்கொண்டே இருக்கிறார். (முடிவையும் சொல்லப்போகிறேன், பார்க்காதவங்க பார்த்துட்டு வாங்க.)

எங்க கரிவலம்வந்தநல்லூர் பக்கம் கோயில் கொடையில் ராத்திரி வில்லுப்பாட்டு கேட்டு வளர்ந்தவனுக்கு இந்த வேகம் புதுசு இல்லை. முத்துப்பட்டன் கதையை எடுத்துக்கோங்க. பிராமணப் பையன், சக்கிலியர் வீட்டுப் பெண்கள் பொம்மக்கா, திம்மக்காவைக் கட்டுகிறான். அதற்காகக் குடுமியையும் பூணூலையும் அறுத்துப் போட்டுச் செருப்புத் தைக்கக் கற்றுக்கொள்கிறான். அப்புறம் மாட்டுத் திருடர்களோடு சண்டையில் சாகிறான். இது கேட்கிற எல்லோருக்கும் முன்னாடியே தெரியும். அடுத்து என்ன என்று யாரும் கேட்பதில்லை. பின்பாட்டுக்காரர் ‘ஆமா’ போட, கல்யாணப் பாட்டு நீள நீளத்தான் வயிற்றைப் பிசையும்.

ஸ்டூவர்ட் பிளாக்பர்ன் வில்லுப்பாட்டு பற்றி 1988-இல் ஒரு புத்தகம் எழுதினார். இப்படி அகாலமாகச் செத்தவர்கள் கதைகளில், சாவு பாடப்படும் கட்டத்தில்தான் சாமியாடிக்கு அருள் வருவதை அதில் காட்டுகிறார். அதாவது அவ்வளவு நேர இழுவையும் ஒரு ஆளை நமக்கு உறவாக்கத்தான். உறவான பிறகுதான் சாவு, சாவுக்குப் பிறகுதான் சாமி. ஷிகியும் இதே கணக்குதான். முதல் பத்து எபிசோடை ஓட்டிவிட்டுப் பார்த்தால் பின்பாதியில் சாகிறவர்கள் வெறும் பேய்கள்.

ஆனால் ஒரு இடத்தில் இரண்டும் பிரிகிறது. நம்ம பக்கம் அகாலத்தில் செத்தவனுக்கு ஊர் கடன்பட்டிருக்கிறது. கொடை என்பது அந்தக் கடனை வருஷாவருஷம் கட்டுகிற ஏற்பாடு என்றுதான் நான் புரிந்துகொள்கிறேன். பாபநாசம் மலையில் சொரிமுத்து ஐயனார் கோயிலில் முத்துப்பட்டன் பட்டவராயனாக இருக்கிறான். அவனுக்கு நேர்ச்சையாகக் கொடுப்பது செருப்பு. காட்டில் நடந்து தேயட்டும் என்று!

சொடோபாவில் அப்படி ஒரு ஏற்பாடு கிடையாது. திரும்பி வந்தவர்களின் பசிக்கு யாரிடமும் பதில் இல்லை. கடைசியில் ஊரே கட்டையும் சுத்தியலுமாக வீடு வீடாகப் போகிறது. முதல் எபிசோடில் டவுன் கனவோடு நாகரிகமாக உடுத்திக்கொண்டு ஊருக்குள் தனியாக நடந்த மெகுமி என்ற பெண்ணை, டவுனுக்குத் தப்பி ஓடுகிற வழியில் மடக்கி, டிராக்டர் ஏற்றுகிறார்கள்.