இரு படையும் சூடிய பூ

புறத்திணைப் பாடம் நடத்தும்போதெல்லாம் மாணவரிடம் ஒரு வினா எழுப்புவது என் வழக்கம்: “தும்பைப் பூவைக் கண்டோர் யார்?” திணை இலக்கணத்தைப் பிழையின்றி ஒப்பிப்போர் பலர், செடியை அறிந்தோர் ஓரிருவர். பூதலூர்ப் பக்கத்து வரப்புகளில் நடந்து வளர்ந்தோரும் அறியாதிருப்பது வியப்பே.

தும்பை ஓராண்டுச் செடி. மழையில் முளைத்து, முழ உயரத்துக்கு வளர்ந்து, பூத்து, விதை உதிர்த்து, வெயிலில் காய்ந்து மடியும். துளசியின் குடும்பம், ஆதலின் தண்டு நாற்கோணமாய் இருக்கும். தாவரவியலார் இதனை லியூகாஸ் ஆஸ்பெரா என்பர். முன்சொல் கிரேக்கத்தில் வெண்மையையும், பின்சொல் இலத்தீனில் சொரசொரப்பையும் குறிக்கும். பெருநாள் வெண்ணாடையை நம் வீட்டு மூத்தோர் ‘தும்பைப்பூவாட்டம்’ என்பதும் அதே கண்கொண்டுதான். (கவிழ்தும்பை பெயரால் மட்டுமே உறவு, அது வேறு குடும்பம்.) பூவின் மேலிதழ் முக்காடுபோல் மகரந்தத்தை மூடியிருக்கும், அகன்ற கீழிதழ் தேனீக்குத் திண்ணை. தேனுக்காகத் தேனீ தலையை நுழைக்க, மகரந்தம் அதன்மேல் படியும்.

தொல்காப்பியர் தும்பையை நெய்தலுக்குப் புறனாக வைத்தார். புறப்பொருள் வெண்பாமாலை வழி நோக்கின் ஒன்று புலனாகும். ஆநிரை கவர்வோர்க்கு வெட்சி, மீட்போர்க்குக் கரந்தை. மண் கொள்ளச் செல்வோர்க்கு வஞ்சி, தடுப்போர்க்குக் காஞ்சி. மதிலை வளைப்போர்க்கு உழிஞை, காப்போர்க்கு நொச்சி. தும்பையில் மட்டும் இரு படையினர்க்கும் பூ ஒன்றே. கவர்வோன், காப்போன் என்னும் வேறுபாடு அப்போர்க்களத்தில் இல்லை. வலிமையை வலிமை நேர்நின்று எதிர்கொள்கிறது. எவருக்கும் உரிமையற்ற, எங்கும் கிடைக்கும் பூவை அதற்குத் தேர்ந்தது பொருத்தமே என்பது என் துணிபு. வென்றவர் பின்னர் வாகை சூடுவர்.

அந்த ‘எங்கும்’ இன்று சுருங்கி வருகிறது. மண்வெட்டியால் வரப்பைச் செதுக்கிய காலத்தில் செடி போனாலும் முன்னரே உதிர்ந்த விதை மண்ணில் இருந்தது. களைக்கொல்லி தெளித்தால், விதை முற்றுமுன்னரே செடி கருகுகிறது. கிழங்கோ நிலைத்த வேரோ இல்லாத ஓராண்டுச் செடிக்கு விதையன்றி மறுபிறப்பு ஏது? ஆண்டுதோறும் இவ்வாறு நிகழ்ந்தால் மண்ணின் விதை இருப்பும் தீரும். ஆட்கூலி கொடுத்து மாளாத உழவரைக் குறை கூறவும் மனம் ஒப்பவில்லை.

சென்ற தை மாதம் ஒரு மாணவி, பூதலூரில் கல்லணைக் கால்வாய்க் கரையிலிருந்து வேரோடு ஒரு செடி கொணர்ந்தார். தொட்டியில் வைத்தோம், பங்குனியில் காய்ந்தது. காய்ந்த புல்லிக் கிண்ணங்களை உதறியபோது, கிண்ணத்துக்கு நான்காக விதைகள் உதிர்ந்தன. காகிதத்தில் மடித்து என் மேசை இழுப்பறையில் வைத்துள்ளேன், ஐப்பசி மழைக்காக.