வீடியோ கூட்டத்துக்கு நாள் குறிக்க ஒரு பட்டன்



கூட்டமைப்பின் செயற்குழு கூடுகிற நாளில் நம்மில் பலருக்கு அரைநாள் கூலி போய்விடுகிறது. 2021-லிருந்து சாதாரண டவுன் பஸ்ஸில் பெண்களுக்கு டிக்கெட் இல்லை, சரிதான். ஆனால் விருத்தாசலம் செராமிக் தொழிற்பேட்டையில் பொம்மைக்குப் பெயிண்ட் அடிக்கிறவர், அச்சிலிருந்து எடுத்த விளக்குக்குப் பிசிறு எடுக்கிறவர், பாதி வேலையில் எழுந்து வர முடியுமா? கார்த்திகைக்கு முந்தைய மாதங்களில் கேட்கவே வேண்டாம். பிரதிநிதி வராத குழுவின் கடன் மனுவைப் பற்றிப் பேச ஆள் இருப்பதில்லை. அது அடுத்த மாதத்துக்குத் தள்ளிப்போகிறது.

2020 கொரோனா காலத்தில் போனிலேயே கூட்டம் நடத்தப் பழகினோம். அதில் ஒரு சிக்கல். கூட்டம் தொடங்க பத்து நிமிஷம் இருக்கும்போது வாட்ஸ்அப்பில் லிங்க் வரும். வேலையில் இருப்பவர் அதை ராத்திரிதான் பார்ப்பார். "எனக்குச் சொல்லவே இல்லையே" என்ற மனக்கசப்பு அங்கேதான் ஆரம்பிக்கிறது. பல நாள் முன்பே தேதி, நேரம், லிங்க் மூன்றையும் சேர்த்து அனுப்பிவிட்டால் இந்தப் பேச்சே வராது. அதற்கு உதவுவதுதான் பிரவுசர் எக்ஸ்டென்ஷன்.

பேரைக் கேட்டு பயப்பட வேண்டாம். தையல் மிஷினில் ஜிப் வைக்க தனி ஃபுட் மாட்டுகிறோம் இல்லையா? மிஷின் அதேதான், ஒரு வேலை கூடுதலாகச் செய்கிறது. அதுபோல கம்ப்யூட்டரில் நாம் இணையம் பார்க்கிற குரோம் என்ற பிரவுசரில் மாட்டுகிற சின்ன உறுப்பு இது. போனில் உள்ள குரோமில் இதை மாட்ட முடியாது. கூட்டமைப்பு அலுவலகக் கம்ப்யூட்டர் ஒன்றில் இருந்தால் போதும். உறுப்பினர்கள் எதையும் மாட்ட வேண்டாம். வந்த லிங்க்கைத் தொட்டால் கூட்டத்துக்குள் போகலாம்.

நம் பெண்கள் பலரின் போனில் ஏற்கனவே ஸூம் இருப்பதால் அதையே சொல்கிறோம். கம்ப்யூட்டரில் குரோம் வெப் ஸ்டோரைத் திறந்து ஸூம் என்று தேடுங்கள். வெளியிட்டது ஸூம் நிறுவனம்தானா என்று பார்த்துவிட்டு "ஆட் டு குரோம்" அழுத்துங்கள். மேலே வலது பக்கம் ஒட்டுப்படத் துண்டு மாதிரி ஒரு குறி இருக்கும். அதற்குள் ஸூம் வந்திருக்கும். கூட்டமைப்பின் பெயரில் உள்ள கணக்கால் உள்ளே நுழைந்து, கூட்டம் குறிக்கிற பட்டனை அழுத்தினால் கூகுள் காலண்டர் பக்கம் திறக்கும். கூட்டத்தின் பெயர், தேதி, நேரம் போட்டு சேமித்தால் லிங்க் அதிலேயே இருக்கும். அதைப் பிரதி எடுத்து வாட்ஸ்அப் குழுவில் போடுங்கள். மாதாமாதம் இரண்டாம் சனிக்கிழமை என்றால் திரும்பத் திரும்ப வரும்படியும் காலண்டரில் குறிக்கலாம்.

சேமிக்கும் முன் ஏ.எம்., பி.எம். இரண்டையும் இன்னொரு தடவை பாருங்கள். இந்திய நேரம்தான் காட்டுகிறதா என்றும் பாருங்கள். மாலை 6 மணி கூட்டம் காலை 6 மணிக்குப் பதிவாகிவிட்டால் எல்லோருக்கும் குழப்பம்தான்.

எக்ஸ்டென்ஷனே வேண்டாம் என்பவர்களுக்கும் வழி உண்டு. கூகுள் காலண்டரிலேயே கூகுள் மீட் லிங்க் சேர்க்கும் வசதி இருக்கிறது. காசு கட்டாத கணக்கில் ஸூம் கூட்டம் 40 நிமிடம், மீட்டில் மூன்று பேரோ அதற்கு மேலோ கூடினால் 60 நிமிடம். எங்களைக் கேட்டால் 40 நிமிடமே தாராளம். பொருள் என்னென்ன என்று அழைப்பிலேயே எழுதிவிடுங்கள், கடன் மனுவை முதலில் வையுங்கள். குசலம் விசாரிப்பது கடைசியில் இருக்கட்டும்! டேட்டா குறைவாக உள்ளவர் படத்தை நிறுத்திவிட்டு குரலில் மட்டும் பேசலாம்.

பாதுகாப்பைப் பற்றி அவசியம் சொல்ல வேண்டும். 2020 ஏப்ரலில் மத்திய உள்துறை அமைச்சகம், ஸூமை அரசு அலுவலர்கள் அலுவல் பணிக்குப் பயன்படுத்த வேண்டாம் என்றது. தனியார் பயன்படுத்தினால் ஒவ்வொரு கூட்டத்துக்கும் புதிய பாஸ்வேர்டு வையுங்கள், வெயிட்டிங் ரூமைப் போட்டுவையுங்கள் என்றும் சொன்னது. வெயிட்டிங் ரூம் என்றால் வாசலில் நிற்கவைத்து, முகம் தெரிந்தவரை மட்டும் உள்ளே விடுவது. லிங்க்கை நம் குழுவுக்கு வெளியே பகிராதீர்கள். எக்ஸ்டென்ஷன்களில் பல, நாம் திறக்கிற பக்கங்களைப் படிக்க அனுமதி கேட்கும். எனவே கண்ட கண்ட எக்ஸ்டென்ஷனை மாட்டக் கூடாது; கூட்டமைப்பின் வங்கிக் கணக்கை அதே பிரவுசரில் திறக்காமல் இருப்பதும் நல்லது. "கூட்டத்தில் சேர இந்த ஆப்பை இறக்குங்கள், ஓ.டி.பி. சொல்லுங்கள்" என்று யாராவது கேட்டால் அது மோசடி. பணம் போய்விட்டால் தாமதிக்காமல் 1930-க்கு போன் செய்யுங்கள்.

வாராந்திர சேமிப்புக் கூட்டத்துக்கு இது வேண்டாம். பஞ்சசூத்திரத்தில் முதலாவது, முறையாகக் கூடுவது. சேமிப்பைக் கையில் வாங்கி, எல்லோர் கண் முன்னால் எண்ணி, பாஸ்புத்தகத்தில் எழுதுவதை வீடியோவில் செய்ய முடியாது. ஸ்மார்ட்போன் இல்லாத அக்காக்கள் பேசாமல் ஒதுங்கிவிடுவார்கள் என்பதும் உண்மை. செயற்குழுவுக்கும் பயிற்சிக்கும் மட்டும் வைத்துக்கொள்வோம். அதிலும் போன் இல்லாத பிரதிநிதி யார் வீட்டில், யார் போனில் சேர்ந்து உட்காருவார் என்பதை ஊக்குநர் முதல்நாளே கேட்டு உறுதி செய்யட்டும்.

வீடியோவில் எடுத்த முடிவை அன்றே தீர்மானப் புத்தகத்தில் எழுதி, வந்திருந்தவர் பெயர்களையும் சேர்த்துவிடுங்கள். அடுத்து நேரில் கூடும்போது அதைப் படித்துக்காட்டி கையெழுத்து வாங்குங்கள். அதுவரை யாரும் காசோலையில் கையெழுத்துப் போட வேண்டாம்.