பைத்தானுக்குத் துணை நிற்கும் கோப்புகள்

பைத்தான் மொழியில் 'தமிழ்' என்ற சொல்லின் நீளத்தைக் கேட்டால் 5 என்று விடை வரும். த, ம, இகரக் குறி, ழ, புள்ளி என யூனிகோட் குறிகளை அது எண்ணுகிறது. நமக்கோ அது மூன்றெழுத்துச் சொல். இந்தக் கணக்கைச் சரியாகப் போட்டுத் தரும் நூலகங்களுள் ஒன்று ஐ.சி.யு. அது சி, சி++ மொழிகளில் எழுதப்பட்டது. பைத்தானிலிருந்து அதை அழைக்க, பை-ஐ.சி.யு. என்னும் தொகுப்பை நிறுவுகிறோம். மொழி வேறு, நூலகம் வேறு. இரண்டும் எப்படிப் பேசிக்கொள்கின்றன? தமிழ்த்துறை நண்பர்களும் சொற்களை எண்ணும் ஆய்வுகளில் இறங்கிவிட்டதால், இதை இங்கே விளக்க விரும்புகிறேன்.

நாம் எழுதும் பைத்தான் நிரலைப் படித்து இயக்கும் மென்பொருள்தான் இன்டர்பிரட்டர். பரவலாகப் பயன்படும் பைத்தான் இன்டர்பிரட்டர் சி மொழியில் எழுதப்பட்டது. ஆகவே, இயந்திர மொழிக்கு மாற்றி வைத்த இன்னொரு கோப்பை, ஓடிக்கொண்டிருக்கும்போதே தன்னோடு சேர்த்துக்கொள்ள அதனால் முடிகிறது. லினக்சிலும் மேக்கிலும் அக்கோப்பின் பெயர் எஸ்.ஓ. என்று முடியும்; விண்டோசில் பி.ஒய்.டி. பின்னது நாம் அடிக்கடி காணும் டி.எல்.எல். கோப்பேதான், பெயர் மட்டும் மாறியிருக்கிறது. எண்களை வேகமாகக் கையாளும் நம்பை தொகுப்பின் உள்ளேயும் இத்தகைய கோப்புகளே உழைக்கின்றன.

'இம்போர்ட்' என்று எழுதியதும் இன்டர்பிரட்டர் தனக்குத் தெரிந்த கோப்புறைகளில் தேடுகிறது. எஸ்.ஓ. கோப்பு கிடைத்தால், அதை நினைவகத்தில் ஏற்றும்படி இயங்குதளத்தைக் கேட்கிறது. பிறகு அதற்குள் 'பைஇனிட்' என்று தொடங்கித் தொகுப்பின் பெயரோடு முடியும் ஒரு செயற்கூற்றைத் தேடி அழைக்கிறது. வாசற்கதவு அதுதான். கோப்பின் பெயரை நாமே அழகாக மாற்றி வைத்தால், கதவின் பெயர் ஒத்துப்போகாமல் பிழைச் செய்தி வரும்.

எங்கள் ஆய்வுக்கூடத்தில் நான் அதிகம் பார்க்கும் சிக்கல் வேறு. நண்பரின் கணினியிலிருந்து தொகுப்புக் கோப்புறையை அப்படியே பென் டிரைவில் எடுத்து வருவார்கள். கோப்பின் பெயர் நடுவே 312 என்றிருந்தால், அது பைத்தான் 3.12 பதிப்புக்கு உரியது. 3.13 பதிப்பு அதைத் திரும்பியும் பார்க்காது. தொகுப்பே இல்லை என்று சொல்லிவிடும். கோப்பு கண் முன்னே இருக்க, இல்லை என்கிறதே என்று மாணவர்கள் குழம்புவது இங்கேதான். பதிப்புக்குப் பதிப்பு இன்டர்பிரட்டரின் உள்ளமைப்பு மாறுவதே காரணம். 2011இல் வந்த 3.2 பதிப்பு, மாறாத ஒரு பொது இடைமுகத்தை அறிமுகப்படுத்தியது. அதை மட்டும் நம்பி எழுதிய கோப்புகள் பிந்தைய பதிப்புகளிலும் ஓடும். லினக்சிலும் மேக்கிலும் அவற்றின் பெயரில் பெரும்பாலும் 'ஏபிஐ3' என்றிருக்கும். எல்லாத் தொகுப்புகளும் அப்படி எழுதப்படுவதில்லை. எனவே கோப்பை நகலெடுக்காமல், 'பிப்' மூலம் புதிதாக நிறுவுவதே நல்லது.

இன்னொன்றையும் சொல்லியாக வேண்டும். பைத்தான் நிரலில் பிழை நேர்ந்தால் எந்த வரி என்று செய்தி வரும். 'டிரை' போட்டுப் பிடித்தும்விடலாம். எஸ்.ஓ. கோப்புக்குள் இருக்கும் சி நிரல் தனக்குரியதல்லாத நினைவிடத்தைத் தொட்டால், இயங்குதளம் இன்டர்பிரட்டரையே நிறுத்திவிடும். சேமிக்காத முடிவுகள் அத்தனையும் போய்விடும். இறுதியாண்டு ஆய்வேட்டை ஒப்படைக்கும் முந்தைய இரவில் இப்படி நடந்தால் எங்கே தேடுவது? 2012இல் வந்த 3.3 பதிப்பு முதல் 'ஃபால்ட்ஹேண்ட்லர்' என்ற கருவி பைத்தானுடனேயே வருகிறது. நிரலின் தொடக்கத்தில் அதை இயக்கிவிட்டால், நின்றுபோகும் நொடியில் எந்தப் பைத்தான் வரி ஓடிக்கொண்டிருந்தது என்பதைப் பெரும்பாலும் அச்சிட்டுவிடும்.