விடை வராத நில மனு: நீதிமன்றம் தரும் பரிகாரம்

தொழிலின் பொருட்டும் உத்தியோகத்தின் பொருட்டும் திருவனந்தபுரத்தில் குடியேறிய தமிழர்கள், ஐந்து சென்ட் மனையேனும் வாங்கி வீடு கட்ட விரும்புவது இயல்பே. அவ்வமயம் நம்மை முதலில் தடுமாறச் செய்வது ஒரு சொல். தமிழில் ‘நிலம்’ என்பது எல்லா மண்ணுக்கும் பொதுப்பெயர். கேரள வருவாய்ப் பதிவேட்டிலோ ‘நிலம்’ என்றால் நெல் விளையும் நன்செய் என்றே பொருள். வீடு கட்டத்தக்க மேட்டு மனையை அங்கே ‘புரயிடம்’ என்பர். பத்திரத்தில் ‘நிலம்’ என்றிருந்தால், தென்னை நின்றாலும் அங்கு எளிதில் வீடு கட்ட இயலாது.

இதற்குத் தக்க காரணம் உண்டு. 1970களின் நடுப்பகுதியில் கேரளத்தில் ஏறத்தாழ 8.8 லட்சம் ஹெக்டேரில் நெல் பயிராயிற்று. 2008ஆம் ஆண்டையொட்டி அது 2.3 லட்சம் ஹெக்டேர் அளவிற்குச் சுருங்கிவிட்டது. வயல் என்பது சோறு தருவது மட்டுமன்று. மழைநீரைத் தேக்கிக் கிணறுகளை ஊறச் செய்வதும் அதுவே. ஆகவே நெல்வயல், ஈரநிலப் பாதுகாப்புச் சட்டம் இயற்றப்பட்டு, 2008 ஆகஸ்ட் 12 முதல் நடைமுறைக்கு வந்தது. எஞ்சிய வயல்கள் ‘டேட்டா பாங்க்’ எனப்படும் விவரப் பட்டியலில் சேர்க்கப்பட்டன. முன்னரே கரையாகிவிட்ட மனைகள் சிலவும் அப்பட்டியலில் இடம்பெற்றதால் வழக்குகள் எழுந்தன.

பரிகாரம் இருவகை. பட்டியலில் தவறாகச் சேர்ந்த மனையை நீக்குவதற்கு ஐந்தாம் படிவத்தில் மனுச் செய்ய வேண்டும். பட்டியலில் இல்லாமலே பதிவேட்டில் ‘நிலம்’ என்றிருப்பதன் தன்மையை மாற்ற, 2018ஆம் ஆண்டுத் திருத்தச் சட்டம் 27அ என்னும் பிரிவைச் சேர்த்தது. அதற்கு ஆறாம் படிவம். இரண்டும் வருவாய்க் கோட்டாட்சியரிடம் செல்வன. மனுக்கள் மலையெனக் குவிந்தன. 2022இல் நிலுவை ஒரு லட்சத்தைக் கடந்தது. பின்னர்த் துணை ஆட்சியர்களுக்கும் முடிவு செய்யும் அதிகாரம் வழங்கப்பட்டது. மனு உறங்கும் காலமெல்லாம் கட்டட அனுமதியும் வங்கிக் கடனும் எளிதில் கிடைப்பதில்லை. வாடகை மட்டும் மாதந்தோறும் தவறாது கேட்கப்படும்.

இந்நிலையில் குடிமகனுக்குத் துணை நிற்பது அரசியலமைப்பின் 226ஆம் பிரிவு. உயர் நீதிமன்றம் ‘மாண்டமஸ்’ என்னும் பேராணையை விடுக்கலாம். இலத்தீன் மொழியில் இதன் பொருள் ‘ஆணையிடுகிறோம்’ என்பது. சட்டம் விதித்த கடமையைச் செய்யாதிருக்கும் அதிகாரியை, அதனைச் செய்க எனப் பணிப்பது இது. கேரள உயர் நீதிமன்றம் எர்ணாகுளத்தில் அமைந்திருப்பதால், திருவனந்தபுரத்தாரும் அங்கேயே மனுத் தாக்கல் செய்தல் வேண்டும்.

இங்கு ஒன்றைத் தெளிவாக உணர வேண்டும். தாமதத்தின் பேரில் நீதிமன்றத்தை அணுகுவோர்க்கு, ‘இம்மனையைக் கரையாக்குக’ என்ற ஆணை கிடைப்பதில்லை. ‘இத்தனை காலத்திற்குள் மனுவைப் பரிசீலித்து முடிவு கூறுக’ என்ற ஆணையே கிடைக்கும். முடிவு சாதகமாகவும் இருக்கலாம், பாதகமாகவும் இருக்கலாம். வயல் உண்மையில் வயலாயின், தாமதம் அதனை மனையாக்கிவிடாது. ஆனால் மறுப்பும் காரணத்தோடு அமைதல் வேண்டும். 2008 ஆகஸ்ட் 12 அன்று மண்ணின் தன்மை யாது, அங்கு நெல் விளைய வாய்ப்புண்டா என்பனவே முதன்மையான வினாக்கள் என்று உயர் நீதிமன்றம் பலமுறை கூறியுள்ளது. நேரில் பார்வையிடாமலும், செயற்கைக்கோள் படத்தை வரவழைக்காமலும், வேளாண் அலுவலரின் அறிக்கையை மட்டும் நம்பி மறுத்த ஆணைகளை அது ரத்துச் செய்து, மறு பரிசீலனைக்கு அனுப்பியிருக்கிறது.

எனவே நீதிமன்றம் செல்லுமுன் ஆதாரங்களைச் சேர்த்தல் நலம். மனுவின் எண்ணும் ரசீதும், பத்திரம், வரி ரசீது, பழைய மரங்களையும் கட்டடங்களையும் காட்டும் சான்றுகள் ஆகியவை கையிலிருக்க வேண்டும். எழுத்து மூலம் ஒரு நினைவூட்டு அனுப்புக. தகவல் உரிமைச் சட்டம், 2005இன்படி கோப்பு எந்நிலையில் உள்ளது என வினவலாம். 30 நாட்களில் விடை தர வேண்டும் என்பது பொது விதி. மௌனம் நீடித்ததற்கு இவையே சாட்சியாகும்.

நீதிமன்றம் குறித்த கெடு கடந்தும் அதிகாரி அசையாவிடில், 1971ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி நீதிமன்ற அவமதிப்பு மனுத் தாக்கல் செய்யலாம். அதற்கு ஓராண்டே காலவரம்பு. வழக்கறிஞருக்குப் பொருள் இல்லாதவர் மனந்தளர வேண்டுவதில்லை. 1987ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி அமைந்த சட்டப்பணிக் குழுக்களை அணுகினால், தகுதியுடையோர்க்கு இலவச உதவி கிடைக்கும். பெண்களுக்கும், பட்டியல் சாதியினர், பழங்குடியினர்க்கும் அதற்கு வருமான வரம்பு இல்லை.

நெல்வயலைக் காப்பது நாட்டின் கடமை; மனுவிற்கு விடை கூறுவது அதிகாரியின் கடமை. முன்னதைக் காரணம் காட்டிப் பின்னதை மறக்க இயலாது. ஆம் என்றாலும் இல்லை என்றாலும், காலத்தில் வரும் விடையே குடும்பத்திற்கு வழி காட்டும். மனை வாங்கும் நம்மவர்க்கும் ஒரு கடமை உண்டு: முன்பணம் கொடுக்குமுன் கிராம அலுவலகத்திற்குச் சென்று, பதிவேட்டில் எழுதியிருப்பது ‘நிலமா’, ‘புரயிடமா’ என்று கேட்டறிதல்.