பாட்டு நோட்டில் ஒரு ஊர்

மட்டாஞ்சேரி யூதத் தெருவில் இன்று பழம்பொருள் கடைகள் இருக்கின்றன. மிளகு, ஏலக்காய் வாசனை இருக்கிறது. சுற்றுலாப் பயணிகள் இருக்கிறார்கள். யூதர்களைத்தான் காணோம். இந்தத் தெருவில் பூவேலைத் துணிகள் விற்றுவந்த சாரா கோஹன் 2019இல் தனது 96வது வயதில் காலமானார். கடைசிவரை அவரைத் தாய் போலப் பார்த்துக்கொண்டது ஒரு முஸ்லிம் குடும்பம்.

தெரு வெறிச்சோடினாலும் அதன் குரல் பெண்களின் பாட்டு நோட்டுகளில் தங்கிவிட்டது. கேரள யூதப் பெண்கள் கல்யாணத்திலும் பண்டிகையிலும் ஹீப்ரு சொற்கள் கலந்த மலையாளத்தில் பாடுவார்கள். கையால் எழுதிய நோட்டுகள் தாயிடமிருந்து மகளுக்குப் போகும். பெண்கள் பாடுவதை ஆண்கள் கேட்கக் கூடாது என்பது பல யூத சமூகங்களில் கட்டுப்பாடு. இங்கே ஆண்கள் உட்கார்ந்து ரசித்தார்கள்.

பாடல்களில் கிளி வரும், மணப்பெண் வருவாள், பைபிள் கதைகள் வரும். ஜெருசலேம் திரும்பும் ஏக்கமும் வரும். அதற்கிடையே இன்னொரு இழப்பும் உண்டு: கொடுங்கல்லூர். சுமார் 1000ஆம் ஆண்டில் சேர மன்னர் பாஸ்கர ரவிவர்மன், 'இஸ்ஸூப்பு இரப்பான்' என்ற யூதத் தலைவருக்கு 72 உரிமைகள் அளித்த செப்பேடு, மன்னர் முயிரிக்கோட்டில் இருந்தபோது வழங்கப்பட்டது. நம் சங்கப் பாடல்களின் முசிறியை நினைவூட்டும் பெயர். எழுத்து வட்டெழுத்து, மொழியில் பாதி தமிழ் வாசகருக்குப் பரிச்சயமானது. 16ஆம் நூற்றாண்டுப் போர்களால் அந்த ஊரை இழந்தவர்களுக்குக் கொச்சி ராஜா தன் அரண்மனையை ஒட்டியே இடம் கொடுத்தார். 1568இல் அங்கே பரதேசி ஆலயம் எழுந்தது.

1948இல் இஸ்ரேல் பிறந்தது. 1950களில் பெரும்பாலோர் கப்பலோ விமானமோ ஏறினார்கள். கொச்சியில் அவர்களை யாரும் விரட்டவில்லை. பாட்டில் தேடிய வீடு கிடைத்தது. பாடிய வீடு கைவிட்டுப் போனது.

மட்டாஞ்சேரியில் 1912இல் பிறந்த ரூபி டானியேலின் வாழ்க்கை இதற்குச் சாட்சி. விடுவிக்கப்பட்ட அடிமைகளின் வம்சம் என்று சொல்லி, பரதேசி ஆலயத்தில் சம உரிமை மறுக்கப்பட்ட பிரிவைச் சேர்ந்தவர். 1951இல் இஸ்ரேல் சென்றார். புறக்கணித்த ஊர்தானே என்று அவர் மறந்துவிடவில்லை. அந்த ஊரின் பாடல்களை ஆங்கிலத்தில் பெயர்த்தார். 1995இல் தன் நினைவுகளைப் புத்தகமாக்கினார். 2002இல் மறைந்தார்.

மட்டாஞ்சேரியின் கடவும்பாகம் ஆலயத்துக்கும் இதே கதைதான். அதன் மரவேலைப்பாடுகள் ஜெருசலேமில் உள்ள இஸ்ரேல் அருங்காட்சியகத்தில் இருக்கின்றன. இங்கே நின்ற கட்டடத்தின் ஒரு பகுதி 2019 மழையில் இடிந்தது.

பாடல்களுக்கும் இந்த ஆபத்து உண்டு. இஸ்ரேலில் பிறந்த பேரக் குழந்தைகளுக்கு ஹீப்ரு தெரியும். பாட்டியின் மலையாளம் தெரியாது. நல்லவேளையாக, ஆய்வாளர்கள் 1970களிலிருந்தே நோட்டுகளைத் திரட்டி, பாட்டிகளின் குரலைப் பதிவுசெய்தார்கள். ஸ்கரியா சக்கரியாவும் ஓஃபிரா கம்லியேலும் பதிப்பித்த தொகுப்பு 2005இல் ஜெருசலேமில் வெளியானது. மலையாளப் பாடலும் ஹீப்ரு மொழிபெயர்ப்பும் அதில் சேர்ந்தே இருக்கின்றன. பேரப்பிள்ளைகள் மொழிபெயர்ப்பின் கையைப் பிடித்துத்தான் பாட்டியின் ஊருக்குள் போக வேண்டும்.

நமக்கு அவ்வளவு சிரமமில்லை. தொகுப்பின் தலைப்பு: 'கார்குழலி'.